பந்தைத் தொடாத ஆட்டக்காரரின் இயற்பியல்

10,363. ஜோ தாமஸ் என்ற பெயரோடு அமெரிக்க விளையாட்டு ரசிகர்கள் சேர்த்தே சொல்லும் எண் இது. அமெரிக்கக் கால்பந்து தொடர்ந்து ஓடும் ஆட்டம் அல்ல. சில நொடிகள் மோதல், அப்புறம் இடைவெளி, மறுபடி மோதல் என்று துண்டு துண்டாக நடக்கும். பந்து தரையிலிருந்து பின்பக்கமாகக் கைமாறும் கணத்தில் ஒவ்வொரு துண்டும் தொடங்கும். அதை ஸ்நாப் என்பார்கள். கிளீவ்லேண்ட் பிரௌன்ஸ் அணிக்காக 2007-இல் களமிறங்கிய தாமஸ், 2017 அக்டோபர் வரை தன் அணி பந்து வைத்திருந்த ஒரு ஸ்நாப்பைக்கூடத் தவறவிடவில்லை. அப்படித் தொடர்ந்து ஆடிய ஸ்நாப்களின் எண்ணிக்கைதான் 10,363. அடுத்தடுத்து 167 போட்டிகள், ஒவ்வொன்றிலும் சராசரியாக 62 முறை மோதல். எதிரே ஒவ்வொரு முறையும் நூறு கிலோவுக்கு மேல் எடையுள்ள ஒருவர்.

இத்தனைக்கும் அவர் பந்தைத் தொடுவதே அபூர்வம். அவர் அஃபென்சிவ் லைன்மேன். பந்து வைத்திருக்கும் அணியின் முன்வரிசையில் ஐந்து பேர் நிற்பார்கள். நடுவில் சென்டர், அவருக்கு இருபுறமும் கார்டுகள், அவர்களுக்கு வெளியே டேக்கிள்கள். பந்தை எறியும் குவாட்டர்பேக் இவர்களுக்குப் பின்னால் நிற்பார். முன்னோக்கி எறியப்படும் பந்தைப் பிடிக்க இந்த ஐவருக்கும் பொதுவாக உரிமை கிடையாது. குவாட்டர்பேக் பந்தை எறிந்து முடிக்கும் வரை எதிரணியினர் அவரை நெருங்காமல் பார்த்துக்கொள்வது இவர்கள் பொறுப்பு. சராசரியாக இரண்டரை முதல் மூன்று நொடி.

தாமஸ் நின்றது இடது டேக்கிள் இடத்தில். வலக்கைக்காரக் குவாட்டர்பேக் எறியத் திரும்பும்போது அவருடைய முதுகு இடப்பக்கம் போய்விடும். அந்தப் பக்கமிருந்து வருபவரை அவரால் பார்க்க முடியாது. 1985 நவம்பர் 18 இரவு, நியூயார்க் ஜயன்ட்ஸ் அணியின் லாரன்ஸ் டெய்லர் பாய்ந்து விழுந்ததில் வாஷிங்டன் குவாட்டர்பேக் ஜோ தைஸ்மனின் கால் முறிந்தது. அவரது ஆட்ட வாழ்க்கை அதோடு முடிந்தது. அப்படி வேகமும் பலமும் ஒன்றாக அமைந்தவர்கள் எதிரணியில் பெருகப் பெருக, இடது டேக்கிளின் சம்பளம் ஏறியது. அணிகள் குவாட்டர்பேக்குக்கு அடுத்தபடியாக அவரைத் தேட ஆரம்பித்தன.

நேருக்கு நேர் நிற்கும் மோதலை முதலில் பார்ப்போம். எதிரே வருபவர் 120 கிலோ, வேகம் நொடிக்கு 5 மீட்டர் என்று வைத்துக்கொள்வோம். உந்தம் 600 அலகு. அவரை நொடியில் பத்தில் ஒரு பங்கு நேரத்தில் நிறுத்த வேண்டுமென்றால் 6,000 நியூட்டன் விசை வேண்டும். 600 கிலோவைத் தாங்குவதற்குச் சமம் அது. எந்த மனிதராலும் ஆகாது. அரை நொடி எடுத்துக்கொண்டால்? 1,200 நியூட்டன் போதும், ஏறத்தாழ 120 கிலோ எடைக்குச் சமம். அதற்குள் அவர் ஒன்றேகால் மீட்டர் முன்னேறியிருப்பார். அவ்வளவுதான்.

அதனால்தான் நல்ல டேக்கிள் சுவர்போல் அசையாமல் நிற்பதில்லை. பின்வாங்கியபடியே மோதலை வாங்கிக்கொள்கிறார். புதிதாக ஆட்டம் பார்ப்பவருக்கு அவர் தோற்றுப்போய்ப் பின்னால் தள்ளப்படுவதுபோலத் தெரியும். உண்மையில் தரையைக் கொஞ்சம் விட்டுக்கொடுத்து நேரத்தை வாங்குகிறார். குவாட்டர்பேக்குக்குத் தேவைப்படுவதும் நேரம்தானே.

தரைப்பிடிப்பு இன்னொரு பிரச்சினை. தாமஸின் எடை ஆட்டக் காலத்தில் சுமார் 141 கிலோ. ஆணி வைத்த காலணிக்கும் புல்தரைக்கும் இடையிலான உராய்வுக் கெழுவைக் கணக்கின் வசதிக்காக 1 என்று வைத்தால், 141 கிலோ எடைக்குச் சமமான பக்கவாட்டு விசை வரை அவர் கால் வழுக்காது. எதிராளிக்கு 120. வித்தியாசம் சொற்பம். எதிராளியோ ஓடிவந்த வேகத்தோடு நிற்காமல் கால்களால் தள்ளிக்கொண்டும் இருப்பார். இந்த இடத்தில் லைன்மேன்கள் தலைமுறை தலைமுறையாகக் கைமாற்றித் தரும் பாடம் ஒன்று உண்டு: தாழ்ந்து நிற்பவனே ஜெயிப்பான்.

கனமான பீரோவை நகர்த்தியவர்களுக்கு இது புரியும். நேராகத் தள்ளினால் நம் கால்தான் வழுக்கும். சற்றே குனிந்து மேல்நோக்கித் தூக்கியபடி தள்ளினால் நகர்ந்துவிடும். மேல்நோக்கித் தள்ளும்போது நியூட்டனின் மூன்றாம் விதிப்படி அதே அளவு விசை நம்மைக் கீழே அழுத்துகிறது. டேக்கிள் தன் உள்ளங்கைகளை எதிராளியின் நெஞ்சில், அவர் கைகளுக்கு உட்புறமாகவும் கீழாகவும் வைத்து 40 கிலோ அளவுக்கு மேலே ஏந்தினால் என்ன ஆகும்? எதிராளியின் பாதம் தரையை அழுத்துவது 120-இலிருந்து 80 ஆகக் குறையும். டேக்கிளுடையது 141-இலிருந்து 181 ஆகக் கூடும். கிட்டத்தட்டச் சமமாக இருந்த போட்டி ஒரே கையசைவில் இரண்டுக்கு ஒன்றைத் தாண்டிவிடுகிறது. உடல் பருமனைவிடக் கை எந்த உயரத்தில் போய் உட்காருகிறது என்பது முக்கியமாகிவிடுவது இதனால்தான்.

இதில் உயரமானவருக்குத்தான் கஷ்டம். தாமஸ் ஆறரை அடி. அவர் ஆண்டுதோறும் சந்தித்த பிட்ஸ்பர்க் ஸ்டீலர்ஸ் அணியின் ஜேம்ஸ் ஹாரிசன் சுமார் ஆறடிதான். 2008-இன் தலைசிறந்த தடுப்பாட்டக்காரர் விருதை வென்றவர். குள்ளம் என்பதே அவருடைய ஆயுதம். நின்ற நிலையிலேயே அவர் தோள் தாமஸின் தோளுக்குக் கீழே இருக்கும். அவருக்கு இணையாகத் தாழ வேண்டுமென்றால் தாமஸ் முதுகை வளைத்துக் குனியக் கூடாது. வளைத்தால் தலை முன்னால் போகும், ஈர்ப்பு மையம் பாதங்களுக்கு வெளியே விழும், எதிராளி கையைத் தட்டிவிட்டால் முகம் குப்புற விழ வேண்டியதுதான். முழங்காலையும் இடுப்பு மூட்டையும் மடக்கி, முதுகை நிமிர்த்தி, நாற்காலியில்லாமல் உட்கார்ந்த நிலையில் பின்னோக்கி நகர வேண்டும். 141 கிலோ உடலை அப்படி நகர்த்தும் ஒருவரைப் பார்க்கும்போது, இவர்களைத் தடியர்கள் என்று ஒதுக்கும் பேச்சு எவ்வளவு அநியாயம் என்று எனக்குத் தோன்றும்.

அந்த நகர்வுக்கு கிக் ஸ்லைடு என்று பெயர். வெளிக்கால் பின்னால் உதைத்துப் போகும், உட்கால் தரையை உரசியபடி அதே தூரம் பின்தொடரும். கால்கள் ஒன்றையொன்று தாண்டவே கூடாது. தாண்டிய கணத்தில் உடல் ஒற்றைக் காலில் நிற்கிறது, எதிராளி அந்தக் கணத்துக்காகத்தான் காத்திருக்கிறார்.

எதிராளி நேராக மோதாமல் வெளிப்பக்கமாகச் சுற்றி ஓடிவந்தால் கணக்கு வேறு. குவாட்டர்பேக் ஏழெட்டு கஜம் பின்னால் நிற்கிறார். எதிராளி வில்போல் வளைந்து அவரை அடைய வேண்டும். டேக்கிளுக்கு உட்புறக் குறுக்குவழி இருக்கிறது. நொடிக்கு 5 மீட்டர் வேகத்தில் ஓடுபவர் அதே உராய்வுக் கெழுவில் சுமார் இரண்டரை மீட்டர் ஆரத்துக்கும் குறைவாகத் திரும்ப முடியாது. பாதம் பிடி தராது. திரும்பும்போது உடலை உள்பக்கமாகச் சாய்க்கிறார், தரைப்பிடிப்பின் எல்லையில் இருக்கிறார். சரியாக அந்த நேரத்தில் டேக்கிள் அவர் தோளில் வெளிநோக்கி ஒரு தள்ளு தள்ளினால் போதும், வட்டம் பெரிதாகிவிடும். எதிராளி குவாட்டர்பேக்குக்குப் பின்னாலேயே சுற்றிக்கொண்டு போய்விடுவார். குவாட்டர்பேக் இரண்டடி முன்னால் வந்து நிதானமாக எறிவார். யாரையும் நிறுத்தவில்லை, கீழே தள்ளவும் இல்லை. பாதையை நீட்டிவிட்டார், வேலை முடிந்தது.

ஆனால் சுற்றி ஓடுவார் என்று நம்பி டேக்கிள் தோளைச் சீக்கிரமே திருப்பிவிட்டால் உட்புறம் கதவு திறந்துவிடும். அதனால் தாமஸ் ஒரே மாதிரி பின்வாங்கமாட்டார். ஒருமுறை செங்குத்தாகப் பின்னால் போவார், அடுத்தமுறை சாய்வாக, இன்னொருமுறை ஸ்நாப் ஆனதுமே முன்னால் பாய்ந்து கைவைப்பார். எதிராளியின் ஓட்டம் படிப்படியாக எண்ணிப் பழகிய ஒன்று. மோதல் எந்த அடியில் நிகழும் என்பது தெரியாமல் போனால் அந்தப் பழக்கமே குலையும்.

அவரது கை நீளத்தையும் இங்கே சொல்ல வேண்டும். முதலில் தொடுபவருக்கு மேல்கை என்பதால், டேக்கிளுக்கு 34 அங்குலக் கை வேண்டும் என்று ஆள் தேர்வு செய்பவர்கள் எதிர்பார்ப்பார்கள். தாமஸின் கை 33 அங்குலத்தைக்கூட எட்டவில்லை. விஸ்கான்சின் பல்கலைக்கழகத்தில் குண்டு எறிதலிலும் பங்கேற்றவர் அவர். தரையில் பிறக்கும் விசையைக் கால், இடுப்பு, தோள் வழியாகக் கைக்குக் கொண்டுவரும் கலை இரண்டு விளையாட்டுக்கும் ஒன்றுதான். 2006-இல் கல்லூரி லைன்மேன்களுக்கான அவுட்லாண்ட் விருதை வென்றார். அணிகள் கல்லூரி ஆட்டக்காரர்களை வரிசையாகத் தேர்ந்தெடுக்கும் 2007 விழாவில் மூன்றாவது ஆளாக பிரௌன்ஸ் அவரை எடுத்தபோது, விழா மேடைக்குப் போகாமல் அப்பாவோடு மிச்சிகன் ஏரியில் மீன் பிடித்துக்கொண்டிருந்தார்.

கையை நீட்டித் தள்ளுவதே ஒரு காலத்தில் குற்றம். லைன்மேன்கள் கைகளை நெஞ்சோடு மடக்கி, தோளாலும் முழங்கையாலும் தடுக்க வேண்டியிருந்தது. 1978-இல் விதி மாறியது. கையை நீட்டலாம், உள்ளங்கையைத் திறக்கலாம் என்றானது. இன்றைய டேக்கிளின் கலை முழுவதும் அந்த மாற்றத்தின் பிள்ளை. எதிராளியின் சட்டையைப் பிடித்து இழுத்தால் மட்டும் 10 கஜம் தண்டனை.

முழங்கையை நீட்டுவது மேற்கையின் பின்புறத்தில் உள்ள முத்தலைத் தசை. 2017 அக்டோபர் 22 அன்று டென்னசி டைட்டன்ஸ் அணிக்கு எதிரான போட்டியில் தாமஸின் இடது கையில் கிழிந்தது அதுதான். அந்தத் தசைநாண் முழங்கை எலும்பில் பற்றும் இடத்தில் பத்தாண்டுகளாகப் பல்லாயிரம் திடீர் இழுவிசைகள். 10,363 அத்தோடு நின்றது. அடுத்த மார்ச்சில் ஓய்வை அறிவித்தார்.

அந்தப் பதினொரு பருவங்களில் பிரௌன்ஸ் 176 போட்டிகளில் 48-இல் மட்டுமே வென்றது. கடைசிப் பருவத்தில் ஒன்றுகூட இல்லை. அவர் காத்துநின்ற குவாட்டர்பேக்குகள் 20 பேர். அணி ஒருமுறைகூட இறுதிச் சுற்றுகளுக்குப் போகவில்லை. ஆனாலும் முதல் பத்துப் பருவங்களிலும் நட்சத்திர ஆட்டத்துக்கு அவர் தேர்வானார், 2023-இல் கேன்டனில் உள்ள புகழ் மண்டபத்தில் இடம்பெற்றார், அதுவும் தகுதி பெற்ற முதல் ஆண்டிலேயே. தோற்கும் அணியில் இருந்தும் இவ்வளவு தெளிவாக ஒருவரை அடையாளம் காண முடிந்தது இந்த விளையாட்டின் நல்ல பக்கம்.

கெட்ட பக்கம் உடம்பில் எழுதப்படுகிறது. தலையை எடுத்துக்கொள்வோம். மண்டையோட்டுக்குள் மூளை திரவத்தில் மிதக்கிறது. தலை திடீரென்று நின்றால் மூளை கொஞ்சம் பிந்தி நிற்கும், அந்த இடைவெளியில் நரம்பிழைகள் இழுபடும். ஓடிவந்து மோதும் ஆட்டக்காரருக்கு அபூர்வமாகப் பெரிய அடி விழும். லைன்மேனுக்கோ மயக்கமோ தலைச்சுற்றலோ தராத சிறு அடிகள் ஏறக்குறைய ஒவ்வொரு ஸ்நாப்பிலும் விழுகின்றன. பிட்ஸ்பர்க் ஸ்டீலர்ஸ் அணியின் சென்டராக சூப்பர் பவுல் என்னும் இறுதிப் போட்டியை நான்கு முறை வென்ற மைக் வெப்ஸ்டர் 2002-இல் தன் 50-ஆம் வயதில், நினைவும் வாழ்க்கையும் சிதைந்த நிலையில் இறந்தார். அவர் மூளையை ஆராய்ந்த மருத்துவர் பென்னட் ஒமாலு, டௌ என்ற புரதம் திட்டுத் திட்டாகப் படிந்திருப்பதைக் கண்டு 2005-இல் வெளியிட்டார். குத்துச்சண்டை வீரர்களிடம் முன்பே அறியப்பட்ட சி.டி.இ. என்னும் மூளைச் சிதைவு நோய் அது. 2017-இல் பாஸ்டன் பல்கலைக்கழகத்தார், தாமஸும் வெப்ஸ்டரும் ஆடிய தொழில்முறை லீகான என்.எஃப்.எல்.-இல் ஆடிய 111 பேரின் மூளைகளைப் பார்த்ததில் 110-இல் அது இருந்தது. அறிகுறிகளைக் கண்டு கவலைப்பட்ட குடும்பங்களே பெரும்பாலும் மூளையைத் தானம் தந்திருக்கும் என்பதால், எல்லா ஆட்டக்காரருக்கும் இந்த விகிதம் பொருந்தும் என்று சொல்ல முடியாது. ஆனாலும் ஒதுக்கித் தள்ளக்கூடிய எண் இல்லை அது. தாமஸும் தன் ஞாபகமறதி பற்றி, ஆடிக்கொண்டிருந்த காலத்திலேயே வெளிப்படையாகப் பேசியவர்.

எடை இன்னொரு கதை. வெப்ஸ்டர் சுமார் 115 கிலோ. இன்றைய லைன்மேன்களில் 136 கிலோவுக்குக் குறைந்தவரைத் தேட வேண்டும். உடலின் இயல்பான பசிக்கு மேல், வயிறு மறுத்தாலும் சாப்பிட்டுத்தான் பலர் அந்த எடையைக் காப்பாற்றுகிறார்கள். 1959 முதல் 1988 வரை குறைந்தது ஐந்து பருவங்கள் ஆடிய 3,439 பேரை அமெரிக்க அரசு ஆய்வாளர்கள் பின்தொடர்ந்து 2012-இல் முடிவைச் சொன்னார்கள். மொத்தமாகப் பார்த்தால் இவர்கள் சாதாரண ஆண்களைவிட அதிக காலம் வாழ்ந்தார்கள். ஆனால் ஆடிய காலத்தில் உடல் நிறை குறியீடு 30-க்கு மேல் இருந்தவர்கள் இதய நோயால் இறக்கும் வாய்ப்பு மற்ற ஆட்டக்காரர்களைவிட இரண்டு மடங்கு.

தாமஸ் ஓய்வு பெற்ற சில மாதங்களிலேயே ஏறத்தாழ 23 கிலோ குறைத்தார். முழங்கால் தேய்ந்த முதியவர்களிடம் நடந்த ஓர் ஆய்வு, ஒரு கிலோ குறைந்தால் ஒவ்வொரு அடியிலும் முழங்கால் சுமை சுமார் நான்கு கிலோ குறையும் என்கிறது. அதே விகிதம் இவருக்கும் என்றால், அடிக்கு அடி 90 கிலோ சுமை குறைந்திருக்கிறது.

லீக் நிர்வாகமும் சும்மா இல்லை. முழுக் கவசத்தோடு மோதும் பயிற்சி நாட்களை 2011-இல் குறைத்தது. பருவத்துக்கு முந்தைய பயிற்சி முகாம்களில் லைன்மேன்கள் தலைக்கவசத்துக்கு மேல் மெத்தை உறை அணிய வேண்டும் என்று 2022-இல் விதித்தது. இன்னொன்றையும் செய்யலாம் என்பது என் கருத்து. ஒரு கையைத் தரையில் ஊன்றிக் குனிந்து தொடங்கும்போது தலைதான் முதலில் முன்னே போகிறது. பந்தை எறியும் ஆட்டம் பெருகிவிட்டதால் டேக்கிள்கள் பலர் இப்போதே கையை ஊன்றாமல் நின்றபடிதான் தொடங்குகிறார்கள். அதை ஐந்து பேருக்கும், எதிரே நிற்பவர்களுக்கும் விதியாக்கினால் ஆட்டத்தின் இயற்பியல் பெரிதாக மாறாது. தலையில் விழும் அடி குறையும்.