எண்ணெய் பிரிந்து வரும்வரை: பஞ்சாபிக் கோழிக்குழம்பின் அறிவியல்

உணவகங்களில் பஞ்சாபி என்ற பெயரில் மேசைக்கு வரும் பட்டர் சிக்கனை முதலில் ஒதுக்கி வைத்துவிடலாம். அது தந்தூர் அடுப்பில் சுட்ட கோழியைத் தக்காளியிலும் வெண்ணெயிலும் புரட்டி எடுக்கும் தில்லி உணவகங்களின் பண்டம். அமிர்தசரஸிலோ லூதியானாவிலோ ஒரு வீட்டு அடுப்பில் கொதிப்பது வேறு. தரிவாலா முர்கா என்பார்கள்; தரி என்றால் குழம்பு, முர்கா என்றால் கோழி. மேலே சிவந்த எண்ணெய் மினுங்க, ரொட்டியைத் தோய்த்துச் சாப்பிடும் பதத்தில் ஓரளவு நீர்த்திருக்கும் குழம்பு அது. க்ரீம் கிடையாது, முந்திரி விழுது கிடையாது. வெங்காயம், இஞ்சி, பூண்டு, தக்காளி, ஒரு கைப்பிடிக்குள் அடங்கும் மசாலாப் பொருள்கள், எலும்போடு வெட்டிய கோழி.

இத்தனை எளிய பட்டியலை வைத்துக்கொண்டு இருவர் சமைத்தால் இரண்டு வேறு குழம்புகள் வருகின்றன. மசாலாவின் அளவைக் குறை சொல்வது வழக்கம். என் கணிப்பில் குற்றவாளி பெரும்பாலும் தண்ணீர்தான். இந்தச் சமையலின் முற்பகுதி முழுக்கக் காய்கறிகளிலிருந்து தண்ணீரை விரட்டும் வேலை. பிற்பகுதி அதே தண்ணீரைத் திரும்ப ஊற்றும் வேலை. நடுவில் தண்ணீர் இல்லாமல் கழியும் அந்தச் சில நிமிடங்களில்தான் குழம்பின் நிறமும் மணமும் உருவாகின்றன.

காரணம் எளிது. பாத்திரத்தில் ஈரம் இருக்கும்வரை, அடுப்பை எவ்வளவு கூட்டினாலும் மசாலாவின் வெப்பநிலை 100 டிகிரி செல்சியஸை ஒட்டியே நிற்கும். கூடுதல் வெப்பமெல்லாம் நீராவியாகப் போய்விடும். ஆனால் சர்க்கரையும் அமினோ அமிலமும் சேர்ந்து பழுப்பு நிறத்தையும் நூற்றுக்கணக்கான மணப் பொருள்களையும் உண்டாக்கும் மெய்லார்ட் வினை வேகம் பிடிப்பது ஏறக்குறைய 120 டிகிரிக்கு மேலே. பிரெஞ்சு வேதியியலாளர் லூயி கமீல் மெய்லார்ட் இதை 1912இல் விவரித்தார். தோசையின் முறுகலுக்கும் ரொட்டியின் கரும்புள்ளிகளுக்கும் வறுத்த காபிக்கொட்டையின் மணத்துக்கும் இந்த வினைக்குப் பெரும் பங்கு உண்டு.

வெங்காயத்தை எடுத்துக்கொள்வோம். ஒரு கிலோ கோழிக்குப் பஞ்சாபி வீடுகளில் அரைக் கிலோ வெங்காயம் சாதாரணம். அதில் 89 சதவீதம் தண்ணீர், அதாவது சுமார் 445 கிராம். ஒரு கிராம் தண்ணீரைக் கொதிநிலையில் ஆவியாக்க 2,257 ஜூல் ஆற்றல் வேண்டும். 400 கிராம் ஆவியாக வேண்டுமானால் 900 கிலோ ஜூல். எரிவாயு அடுப்பிலிருந்து கடாய்க்கு நொடிக்கு ஒரு கிலோ ஜூல் போய்ச் சேருகிறது என்று வைத்துக்கொண்டால்கூட 15 நிமிடம் ஆகிறது. அதுவும் பெருந்தீயில், தண்ணீரைச் சூடாக்கும் நேரத்தைச் சேர்க்காமல். கருகிவிடாமல் இருக்கத் தீயைக் குறைத்தால் அரை மணி நேரம் பிடிக்கும். 'வெங்காயத்தை ஐந்து நிமிடம் பொன்னிறமாக வதக்கவும்' என்று எழுதும் சமையல் குறிப்புகள் இயற்பியலோடு சண்டை போடுகின்றன. ஐந்து நிமிடத்தில் வெங்காயம் கண்ணாடி போல ஆகுமே தவிர, பழுப்பாகாது.

உப்பை முதலிலேயே ஒரு சிட்டிகை போட்டால் அது வெங்காயச் செல்களிலிருந்து நீரை வெளியே இழுக்கும், சீக்கிரம் மென்மையாகும். பச்சையாக அரைத்த வெங்காய விழுதில் நீர் முழுவதும் ஒரேயடியாக வெளிவந்து நிற்பதால் அது வெகுநேரம் தெறித்துக்கொண்டே கிடக்கும். பொடியாக நறுக்குவதுதான் நல்லது. அதற்கு வேறொரு காரணமும் உண்டு. நறுக்கும்போது செல்கள் உடைந்து, நொதிகள் கந்தகச் சேர்மங்களோடு கலக்கின்றன. அதிலிருந்து பிறப்பதுதான் கண்ணை எரிக்கும் வாயு. அதைத் தனியாக ஒரு நொதியே உண்டாக்குகிறது என்று கண்டறிந்த ஜப்பானிய ஆய்வாளர்களுக்கு 2013இல் இக்நோபல் பரிசு கிடைத்தது. சிரிக்கவைத்துப் பிறகு சிந்திக்கவைக்கும் ஆய்வுகளுக்கான அந்தப் பரிசு இதற்குச் சரியாகவே பொருந்துகிறது. ஏனென்றால் அழவைக்கும் அந்தச் சேர்மம் சிதைந்து, வேறு பொருள்களோடு வினைபுரிந்து, சூட்டில் மாறி, கடைசியில் இறைச்சிச் சாற்றின் மணம் கொண்ட ஒரு கந்தகச் சேர்மமாகிறது. மிகமிகச் சிறிய அளவில் இருந்தாலும் மூக்கு அதைக் கண்டுகொள்ளும். கோழி பாத்திரத்தில் விழுவதற்கு முன்பே அடுக்களையில் கறிக்குழம்பின் வாசனை எழுவதன் பின்னால் இதற்கும் ஒரு பங்கு இருக்கிறது.

வெங்காயத்துக்கு முன்பே எண்ணெயில் போய்விடுபவை முழு மசாலாக்கள்: சீரகம், பட்டை, கிராம்பு, பிரிஞ்சி இலை, கறுப்பு ஏலக்காய். இவற்றின் மணப் பொருள்களான யூஜெனாலும் சின்னமால்டிஹைடும் கியூமினால்டிஹைடும் நீரில் அவ்வளவாகக் கரையாது, எண்ணெயில் நன்றாகக் கரையும். அதனால் எண்ணெயே முதல் குடுவை. கறுப்பு ஏலக்காயில் ஒரு தனி நயம் உண்டு. சிக்கிம் பகுதிகளில் அதைச் சூளை போன்ற அடுப்பின் மேல் பரப்பி விறகுப் புகையில் காயவைக்கிறார்கள். அந்தப் புகைமணம் காயோடு சேர்ந்தே நம் கடாய்க்கு வருகிறது. பச்சை ஏலக்காயை அதற்கு மாற்றாகப் போடுகிறவர்கள் பாயசத்தின் வாசனையைத்தான் குழம்பில் சேர்க்கிறார்கள்.

வெங்காயம் பழுப்பானபின் இஞ்சி, பூண்டு. பச்சை இஞ்சியின் காரத்துக்குக் காரணமான ஜிஞ்சரால் சூட்டில் ஓரளவு ஜிஞ்சரோனாக மாறுகிறது. காரம் தணிந்து இனிய மணம் வருகிறது. நசுக்கிய பூண்டின் நெடி அல்லிசினுடையது. அது சூட்டில் நிலைக்காது, உடைந்து வேறு கந்தகச் சேர்மங்களாகிவிடும். 'பச்சை வாசனை போகும்வரை வதக்கு' என்று நாம் சொல்வது இந்த இரண்டு மாற்றங்களையும்தான்.

தக்காளி ஏன் கடைசியில் வருகிறது? எல்லாவற்றையும் ஒன்றாகப் போட்டு மூடிவைக்கும் அவசரக்காரர்கள் இங்கேதான் தோற்கிறார்கள். தக்காளி அமிலத்தன்மை கொண்டது. காய்கறிச் செல்களை ஒட்டவைத்திருக்கும் பெக்டின் அமிலத்தில் எளிதில் கரையாது. ஆகவே தக்காளியோடு சேர்த்து வேகவைத்த வெங்காயம் எத்தனை நேரமானாலும் நறுக்கு நறுக்கென்று இருக்கும். மெய்லார்ட் வினையும் அமிலச் சூழலில் மந்தமாகும். போதாததற்குத் தக்காளியில் 90 சதவீதத்துக்கு மேல் தண்ணீர். ஆக வெங்காயம் மென்மையாகிப் பழுப்பாகி முடித்த பிறகே தக்காளிக்கு வழிவிட வேண்டும். அதற்குப் பதிலாகத் தக்காளி புளிப்பையும் குளுட்டமேட்டையும் தருகிறது. குளுட்டமேட் கறிச்சுவையைத் தூக்கிக் கொடுக்கும். மிளகாயைப் போலவே தக்காளியும் அமெரிக்கக் கண்டத்திலிருந்து கடல்வழி வந்த விருந்தாளி. அதற்கு முன்பு புளிப்புக்குத் தயிரும் அனார்தானா எனப்படும் உலர்ந்த மாதுளை விதையும் இருந்தன. இன்றும் தக்காளியைக் குறைத்துத் தயிர் சேர்க்கும் பஞ்சாபி வீடுகள் உண்டு. தயிர் சேர்ப்பதென்றால் நன்றாகக் கடைந்து, தீயைத் தணித்து, கரண்டி கரண்டியாக ஊற்றிக் கிளறிக்கொண்டே இருக்க வேண்டும். திடீர்ச் சூட்டில் கேசீன் புரதம் இறுகித் தண்ணீரைக் கக்கித் திரிதிரியாகிவிடும்.

இனி இந்தக் குழம்பின் உயிர்நாடியான கட்டம். பஞ்சாபியில் பூன்னா என்பார்கள். நாம் சுருள வதக்குவது. தக்காளி விழுந்ததும் எண்ணெய் எங்கே போனதென்றே தெரியாது. அது மறையவில்லை. வெங்காய, தக்காளித் துணுக்குகளும் பெக்டினும் எண்ணெயைச் சிறு சிறு துளிகளாகப் பிரித்துத் தம் நடுவே சிறைபிடித்து வைத்திருக்கின்றன. இது ஒரு பால்மம். துளிகளுக்கு இடையே தண்ணீர் இருக்கும்வரை அந்தச் சிறை நிலைக்கும். தண்ணீர் ஆவியாக ஆகத் துணுக்குகள் ஒன்றோடொன்று நெருங்கி ஒட்டுகின்றன. எண்ணெய்த் துளிகள் ஒன்றிணைந்து பெருத்து, விழுதின் ஓரங்களில் கசியத் தொடங்குகின்றன. 'எண்ணெய் பிரிந்து வரும்வரை' என்ற பழைய சமையலறைக் கட்டளைக்கு அறிவியல் பொருள் இதுதான்: நீர் பெரும்பாலும் போய்விட்டது, வெப்பநிலை இப்போது 100 டிகிரியைத் தாண்டுகிறது. வெப்பமானி இல்லாத சமையலறைக்கு இதைவிடத் துல்லியமான அடையாளம் கிடையாது. காதுக்கும் அது தெரியும். தளதளவென்ற கொதிச்சத்தம் அடங்கிச் சடசடவென்ற பொரியும் சத்தம் கேட்கும்.

அங்கேயே நிறுத்திவிடுவது நம் வழக்கம். பஞ்சாபிச் சமையல்காரர் அங்கேதான் தொடங்குகிறார். மசாலா அடிப்பிடிக்கப் போகும் நொடியில் ஒரு கை தண்ணீரைத் தெளித்து, அடியில் ஒட்டியதைச் சுரண்டிக் கலக்கிவிட்டு, மறுபடி எண்ணெய் பிரியவிடுகிறார். பிறகு மறுபடி தண்ணீர். மூன்று நான்கு முறை இது நடக்கும். தெளித்த நீர் வெப்பநிலையைச் சட்டென்று 100க்கு இறக்கிக் கருகலைத் தடுக்கிறது. அடியில் பிடித்த பழுப்புப் படலத்தைக் கரைத்துக் குழம்பில் சேர்க்கிறது. அது ஆவியானதும் புதிய பழுப்புக்கு இடம் கிடைக்கிறது. நிறம் ஒவ்வொரு சுற்றிலும் ஒரு படி இருளும்.

மிளகாய்த்தூள், மஞ்சள்தூள், மல்லித்தூள் ஆகியவற்றைச் சேர்க்கும் நேரமும் இதனோடு பிணைந்தது. தூள்கள் நுண்ணியவை, வெறும் சூடான எண்ணெயில் நொடிகளில் கருகிக் கசக்கும். ஈர மசாலாவில் போட்டால் தண்ணீர் அவற்றைக் காப்பாற்றும். பிறகு நீர் குறையக் குறைய மிளகாயின் சிவப்பான கேப்சாந்தினும் மஞ்சளின் குர்குமினும் எண்ணெயில் கரைகின்றன. தரியின் சிவப்பு அப்படி வருவதுதான். காரமில்லாத நிறம் வேண்டுமென்றே காஷ்மீரி மிளகாயைத் தேடுகிறார்கள். எண்ணெயில் கஞ்சத்தனம் செய்தால் பிரிவதற்கே எண்ணெய் இருக்காது; நிறமும் மணமும் கரைய இடமிருக்காது. ஒரு கிலோ கோழிக்கு நாலைந்து மேசைக்கரண்டி கேட்கும் குழம்பு இது. உடல்நலக் கவலை உள்ளவர்கள் இறுதியில் மிதக்கும் எண்ணெயை மேலாக எடுத்துவிடலாம், தொடக்கத்தில் குறைக்க வேண்டாம்.

கோழியையும் உடனே நீரில் மிதக்கவிடுவதில்லை. மசாலாவில் பிரட்டிப் பெருந்தீயில் எட்டுப் பத்து நிமிடம். சாறு வெளிவரும், வற்றும், எண்ணெய் மறுபடி பிரியும். அதன்பிறகுதான் வெந்நீர். குளிர்ந்த நீர் ஊற்றினால் கொதி அடங்கி மீண்டும் எழ நேரமாகும், அவ்வளவே. மூடி, மெல்லிய கொதியில் வேகவைக்க வேண்டும்.

கறி மென்மையாவதும் வறள்வதும் வெவ்வேறு புரதங்களின் கதை. தசையிலுள்ள மயோசின் 50 டிகிரியை ஒட்டி உருக்குலைகிறது. ஆக்டின் 66 முதல் 73 டிகிரிக்குள். ஆக்டின் சுருங்கும்போது தசை நீரைப் பிழிந்து தள்ளும். நெஞ்சுக்கறி குழம்பில் மரத்தூளாவது அதனால்தான். தொடையிலும் காலிலும் தசைகளைப் பிணைத்துவைக்கும் கொலாஜன் என்ற புரதம் அதிகம். அது 70 டிகிரிக்கு மேல் பொறுமையாக ஜெலட்டினாக உருகி, இழந்த சாற்றை ஈடுகட்டுகிறது, குழம்புக்கும் உடம்பு கொடுக்கிறது. எலும்பில்லாத நெஞ்சுக்கறியில் இந்தக் குழம்பைச் செய்வது வீண்வேலை. ஆறு வாரம் வளர்ந்த பிராய்லருக்கு 25 நிமிடம் போதும். நாட்டுக்கோழியின் கொலாஜன் வயதாக ஆகக் குறுக்குப் பிணைப்புகள் கூடி உறுதிப்பட்டது. ஒரு மணி நேரத்துக்குக் குறைவாக அது இறங்கிவராது.

கரம் மசாலாத்தூள் அடுப்பை அணைக்கும் முன்புதான். முன்கூட்டியே போட்டால் எளிதில் ஆவியாகும் அதன் எண்ணெய்கள் நீராவியோடு ஏறிப் பறந்துவிடும். வீடு மணக்கும், குழம்பு மணக்காது. ஒன்றோடொன்று ஒட்டாத இத்தனை மணங்களை ஏன் சேர்க்கிறோம் என்பதற்கும் ஒரு ஆய்வு உண்டு. மேற்கத்திய சமையலில் பொதுவான மணச் சேர்மங்களைப் பகிரும் பொருள்கள் சேர்ந்து வருகின்றன என்று 2011இல் ஓர் ஆய்வு காட்டியது. 2015இல் ஜோத்பூர் ஐஐடி ஆய்வாளர்கள் பஞ்சாபி உள்ளிட்ட எட்டு வகை இந்தியச் சமையல்களின் இரண்டாயிரத்துக்கும் மேற்பட்ட குறிப்புகளை அலசியபோது நேரெதிரான முடிவு கிடைத்தது: இந்தியக் குறிப்புகளில் ஒரே மணச் சேர்மங்களைப் பகிராத பொருள்கள்தான் கூடுகின்றன, அதற்கு முதன்மைக் காரணம் மசாலாப் பொருள்கள்.

கடைசியாக உள்ளங்கையில் கசக்கித் தூவும் கசூரி மேத்தி, அதாவது காய்ந்த வெந்தயக்கீரை. பெயருக்குக் காரணமான கசூர் நகரம் இன்று பாகிஸ்தான் பஞ்சாபில் இருக்கிறது. வெந்தயத்தின் மணத்துக்கு முக்கியப் பொறுப்பு சோட்டலோன் என்ற சேர்மம். அதன் வீரியத்துக்கு நியூயார்க் சாட்சி. சில ஆண்டுகளாக அவ்வப்போது நகரம் முழுக்க மேப்பிள் மரப்பாகின் வாசனை வீசி மக்களைக் குழப்பியது. பக்கத்து நியூஜெர்சியில் வெந்தய விதைகளைப் பதப்படுத்திய ஓர் ஆலையே மூலம் என்று 2009இல் மாநகர நிர்வாகம் அறிவித்தது. ஆற்றைத் தாண்டி மணந்த பொருள். ஒரு தேக்கரண்டிக்கு மேல் போனால் குழம்பு கசந்துவிடும்.

காரம் மிஞ்சினால் தண்ணீர் குடிக்க வேண்டாம், லஸ்ஸி குடிக்கலாம். மிளகாயின் கேப்சைசின் நீரில் கரையாது; பாலின் கேசீன் அதைப் பற்றிக்கொண்டு போய்விடும்.

மறுநாளைக்கு எடுத்துவைத்த குழம்பு குளிர்பதனப் பெட்டியில் கட்டியாக உறைந்திருந்தால் பயப்பட வேண்டியதில்லை. எலும்பிலிருந்து இறங்கிய ஜெலட்டின் அது. வெந்த கோழியை வெறுமனே வைத்துச் சூடாக்கினால் கொழுப்பு ஆக்ஸிஜனோடு வினைபுரிந்து ஒரு பழைய வாடை வரும். இந்தக் குழம்பில் அது அவ்வளவாக வருவதில்லை. கிராம்பின் யூஜெனாலும் மற்ற மசாலாக்களின் எதிர் ஆக்ஸிஜனேற்றிகளும் அந்த வினையைத் தடுத்து வைக்கின்றன. சூடாக்கும்போது கால் கோப்பைத் தண்ணீர் சேர்த்து முழுக் கொதி வரவிட்டு இறக்கினால் போதும்.