அக்ரஷன்: மூர்க்கமா, சீற்றமா?

நாய் உறுமினாலும் அக்ரஷன் (aggression), அணிலைத் துரத்தினாலும் அக்ரஷன் என்கிறார்கள். இந்த ஆங்கிலச் சொல்லின் வேர் லத்தீனில் இருக்கிறது. ‘அட்’ என்றால் நோக்கி, ‘கிராடி’ என்றால் அடியெடுத்து வைத்தல். ஒருவரை நோக்கிப் போவது என்ற பொருள் பிறகு தாக்கப் போவது என்று ஆனது. ஆக, இது ஒரு செயலின் பெயர். குணத்தின் பெயர் அல்ல.

தமிழில் நாம் சட்டென்று ‘மூர்க்கம்’ என்று எழுதிவிடுகிறோம். வடமொழியில் மூர்க்கன் என்றால் மூடன். தமிழுக்கு வந்தபின் பிடிவாதமும் முரட்டுத்தனமும் ஒட்டிக்கொண்டன. ‘மூர்க்கனும் முதலையும் கொண்டது விடா’ என்போமே, அந்த ஆள்தான். ‘மூர்க்கமான நாய்’ என்று ஒருமுறை சொல்லிவிட்டால் முத்திரை விழுந்துவிடும், ஏன் உறுமியது என்று அப்புறம் யாரும் கேட்பதில்லை. ‘ஆக்ரோஷம்’ என்பதன் மூலப்பொருள் கத்துதல், ஏசுதல். குரைப்புக்குப் பொருத்தம்தான்! ஆனால் இன்று கிரிக்கெட் ஆட்டத்துக்கும் அதுவே. ‘வெறி’ வேண்டவே வேண்டாம். வெறிநாய் என்றால் ரேபிஸ் கண்ட நாய்.

என் தேர்வு ‘சீற்றம்’. சீறு என்ற வினையிலேயே சத்தம் இருக்கிறது, ‘கிட்டே வராதே’ என்ற எச்சரிக்கையும் இருக்கிறது. பயம், வலி, தீனியையோ குட்டியையோ காப்பது என நாயின் சீற்றத்துக்குக் காரணங்கள் பல. உடல் விறைக்கும், உதடு மேலேறும், உறுமல் வரும். பல நேரம் கடி அதற்கும் பிறகுதான். உறுமியதற்காக அடித்தால் பயம் போகாது, எச்சரிக்கை மட்டும் போய்விடலாம்.

அணிலைத் துரத்துவது வேறு கதை. அதில் கோபமே இல்லை. உற்றுப் பார்ப்பது, பதுங்குவது, துரத்துவது, கவ்வுவது, கொல்வது என்பது வேட்டையின் வரிசை. பார்டர் கோலி இனத்தில் முதல் மூன்றையும் வளர்த்து, கடைசி இரண்டையும் மழுங்கடித்து, ஆடு மேய்க்க வைத்தார்கள். இப்படிப் பிறவியிலேயே வரும் தூண்டுதலுக்கு ஆங்கிலச் சொல் ‘இன்ஸ்டிங்ட்’ (instinct). அதன் லத்தீன் வேருக்குக் குத்தித் தூண்டுதல் என்று பொருள், தாற்றுக்கோலால் மாட்டைக் குத்துவது போல. பலர் ‘உள்ளுணர்வு’ என்கிறார்கள். ‘என்னமோ தப்பா படுது’ என்று நமக்குத் தோன்றுவதும் உள்ளுணர்வுதானே? ‘இயல்பூக்கம்’ கச்சிதம், தூண்டுதல் ‘ஊக்க’த்திலேயே இருக்கிறது.

சைக்கிளின் பின்னால் சத்தமில்லாமல் பாய்ந்து ஓடும் நாயிடம் பெரும்பாலும் தெரிவது வேட்டை இயல்பூக்கம். பல்லைக் காட்டி உறுமி, ஆள் விலகியதும் நின்றுவிட்டால் அது சீற்றம்.