சுவரில் அறையும் கை, படபடக்கும் நெஞ்சு

மாங்கா எனப்படும் ஜப்பானியப் படக்கதைகளில், காதல் கதை என்றால் அடிக்கடி வரும் காட்சி இது. நாயகி சுவரோரம் ஒதுங்கி நிற்பாள்; நாயகன் அவள் காதருகே உள்ளங்கையால் ஓங்கிச் சுவரில் அறைவான். இதற்குக் 'கபேடோன்' என்று பெயர். 2014-இல் ஜப்பானில் அந்த ஆண்டின் முதல் பத்துப் பிரபலச் சொற்களில் இதுவும் ஒன்று. கொரியத் தொடர் நாயகன் மணிக்கட்டைப் பிடித்து இழுத்துப்போவான். தமிழ் இணைய நாவல்களில் இப்படி முரட்டுத்தனம் காட்டும் நாயகனுக்கு 'ஆன்ட்டி ஹீரோ' என்று பெயர். நேரில் எவனாவது இப்படிச் செய்தால் கூச்சல் போட்டு ஊரைக் கூட்டும் பெண்களும் கதையில் இதை ரசிக்கிறார்கள். எப்படி?

பயந்தாலும் ஆசைப்பட்டாலும் நெஞ்சு படபடக்கத்தான் செய்யும். எதற்கான படபடப்பு என்பதைச் சூழலைப் பார்த்தே மூளை முடிவுகட்டுகிறது. 1974-இல் உளவியலாளர்கள் டொனால்ட் டட்டனும் ஆர்தர் ஆரனும் கனடாவின் கப்பிலானோ தொங்குபாலத்தில் இதைச் சோதித்தார்கள். சுமார் 70 மீட்டர் உயரத்தில் ஆடும் பாலம் அது. அங்கே வந்த ஆண்களிடம் ஒரு பெண் சில கேள்விகள் கேட்டுவிட்டு, தன் தொலைபேசி எண்ணையும் கொடுத்தார். எண்ணை வாங்கிய 18 பேரில் 9 பேர் பிறகு அவரை அழைத்தார்கள். தாழ்வான, ஆடாத பாலத்தில் வாங்கிய 16 பேரில் 2 பேர்தான் அழைத்தார்கள். தொங்குபாலத்துக்கு வருகிறவர்கள் இயல்பிலேயே துணிச்சல்காரர்களாக இருக்கலாமே என்ற மறுப்பும் நியாயமானதுதான்.

படபடப்பு மட்டும் இருந்தால் போதாது, ஆபத்தில்லை என்ற உறுதியும் வேண்டும். உளவியலாளர் பால் ரோசின் மிளகாயை வைத்து இதை விளக்கினார். நாக்கு எரிகிறது என்று உடம்பு அலறும். ஒன்றும் ஆகாது என்று மனசுக்குத் தெரியும். காரம் ருசிப்பது அதனால்தான்.

அந்த உறுதியை மாங்கா எப்படித் தருகிறது என்று கவனியுங்கள். கை சுவரில் விழுந்த அடுத்த கட்டத்திலேயே அவன் முகம் சிவந்திருக்கும். அவன் தவிப்பு எண்ணக் குமிழில் எழுதப்பட்டிருக்கும். இவன் அடிக்கமாட்டான் என்று வாசகிக்கு முன்பே தெரிந்துவிடுகிறது. பிடிக்காவிட்டால் பக்கத்தைத் தள்ளிவிட்டுப் போகவும் முடியும். நிஜத்தில் சுவரோரம் சிக்கியவளுக்கு இந்த இரண்டுமே இல்லை.

ஆகவே ரசிப்பவர்களைக் குறை சொல்வதில் எனக்கு உடன்பாடில்லை. கதை எதைக் காட்டுகிறது என்பதைத்தான் கேட்க வேண்டும். அமெரிக்க ஆய்வாளர் ஜூலியா லிப்மன், விடாமல் பின்தொடரும் ஆண்கள் வரும் படங்களைப் பெண்களுக்குப் போட்டுக்காட்டினார். அதைக் காதலாகக் காட்டிய படத்தை நிஜம்போல் உணர்ந்தவர்கள், பின்தொடர்தலை நியாயப்படுத்தும் கருத்துகளை அதிகம் ஏற்றார்கள். அதே செயலை அச்சுறுத்தலாகக் காட்டிய படத்தைப் பார்த்தவர்களிடம் அந்த ஏற்பு குறைவாக இருந்தது.