விலை ஏறும்போதுதான் கவனம் வேண்டும்

யாழ்ப்பாணத்தில் வங்கியொன்றின் விவசாயக் கடன் பிரிவில் வேலை செய்கிறேன். எங்களிடம் விண்ணப்பங்கள் குவிவது வெங்காய விலை விழுந்த மாதங்களில் இல்லை, விலை உச்சத்தில் நிற்கும்போதுதான். உரும்பிராய், புத்தூர், இடைக்காட்டுப் பக்கத்தில் இருந்து வருபவர்கள் அன்றைய சந்தை விலையை வைத்துத்தான் கணக்குச் சொல்வார்கள். இத்தனை பரப்பு, இத்தனை அந்தர், கிலோவுக்கு இவ்வளவு. கூட்டல் பெருக்கலில் பிழை இருக்காது. ஆனால் அறுவடை நாளில் விலை வேறாக இருக்கும்.

இதை விதி என்று விட்டுவிட முடியாது. சிவப்பு வெங்காயத்துக்கு விதை வெங்காயம்தான் பெரிய செலவு. சந்தை விலை ஏறினால் விதையின் விலையும் கூடவே ஏறும். ஆகவே நல்ல விலையைப் பார்த்து நடுபவர் ஆகக் கூடிய செலவில் நடுகிறார். அதே விலையைப் பார்த்துத்தான் பக்கத்துத் தோட்டக்காரரும் நடுகிறார். இரண்டு, இரண்டரை மாதத்தில் எல்லாருடைய வெங்காயமும் ஒன்றாகச் சந்தைக்கு வந்துவிடும். அந்த நேரம் பார்த்து இறக்குமதி வரியையும் குறைத்துவிட்டால் சொல்லவே வேண்டாம்.

ஏற்றுமதிப் பண்டம் ஒன்றிரண்டை நம்பி வாழும் நாடுகளுக்கும் நடப்பது இதுதான். அங்கே காத்திருப்பு மாதக்கணக்கில் இல்லை, ஆண்டுக்கணக்கில். 1994இல் பிரேசிலின் கோப்பித் தோட்டங்களை உறைபனி அழித்தது. உலக விலை சில மாதங்களிலேயே இரண்டு மடங்குக்கு மேல் ஏறியது. வியட்நாமில் கோப்பி நடுகை வேகமெடுத்தது. கன்று காய்க்க மூன்று நான்கு ஆண்டுகள் வேண்டும். காய்த்துக் குவிந்தபோது பிரேசிலும் எழுந்து நின்றுவிட்டது. 2001இல் கோப்பி விலை பல பத்தாண்டுகள் காணாத அடிமட்டத்துக்குப் போனது. உறைபனிக்குச் சம்பந்தமே இல்லாத மத்திய அமெரிக்க நாடுகளிலும் எத்தியோப்பியாவிலும் தோட்டக் குடும்பங்கள் வருமானம் இழந்தன.

எங்கள் நாட்டுக் கதையைக் கொஞ்சம் விரிவாகச் சொல்ல வேண்டும். 1950 ஜூனில் கொரியப் போர் தொடங்கியது. அமெரிக்காவும் மற்ற நாடுகளும் றப்பரை அள்ளிச் சேமித்தன. இலங்கையின் றப்பர் விலை ஏறியது, ஏற்றுமதி வரியால் திறைசேரியும் நிறைந்தது. மத்திய வங்கி அந்த ஆண்டு ஓகஸ்டில்தான் திறக்கப்பட்டிருந்தது. காசு தாராளமாக இருந்ததால் அரசாங்கத்தின் செலவும் கூடியது. மலிவு அரிசிக்கான மானியமும் ஒரு கவலையாகத் தெரியவில்லை. 1952இல் றப்பர் விலை விழுந்தது. வெளியில் இருந்து வாங்கும் அரிசியின் விலையோ ஏறி நின்றது. விற்பது மலிய, வாங்குவது ஏற, நாட்டின் வெளிநாட்டுச் சேமிப்பு வேகமாகக் கரைந்தது.

அப்புறம் நடந்ததை எல்லாரும் அறிவோம். 1953 ஜூலையில் கொத்து அரிசி 25 சதத்தில் இருந்து 70 சதத்துக்குத் தூக்கப்பட்டது. ஓகஸ்ட் 12இல் ஹர்த்தால். துப்பாக்கிச் சூட்டில் உயிர்கள் போயின. ஒக்டோபரில் பிரதமர் டட்லி சேனநாயக்க பதவி விலகினார். மலிவு அரிசி கொடுத்ததைப் பிழை என்று நான் சொல்லமாட்டேன். பிழை எங்கே என்றால், நிலைக்காத வருமானத்தை நிலையான செலவுக்குக் கட்டியதில். விலை இறங்கியதும் அந்தச் சுமையை ஒரே இரவில் ஏழையின் சோற்றுக் கோப்பையில் இறக்கியதில்.

அந்த இக்கட்டிலும் ஒரு நல்ல முடிவு எடுக்கப்பட்டது. 1952 டிசம்பரில் சீனாவுடன் அரிசி–றப்பர் ஒப்பந்தம் கைச்சாத்தானது. ஆண்டுக்கு 50,000 தொன் றப்பர், பதிலுக்கு 270,000 தொன் அரிசி, ஐந்து ஆண்டுகளுக்கு. றப்பருக்கு உலகச் சந்தையை விடக் கூடிய விலை. அமெரிக்காவின் உதவி நிறுத்தப்பட்ட போதும் இலங்கை பின்வாங்கவில்லை. விலை ஊசலாடும் பண்டத்தை விற்பவனுக்கு, ஐந்து ஆண்டுக்கு உறுதியான வாங்குநர் இருப்பது எவ்வளவு பெரிய காப்பு என்பதற்கு இதைவிட நல்ல சான்று எங்கள் வரலாற்றில் இல்லை என்று நினைக்கிறேன்.

விலை ஏற்றம் இன்னொரு விதமாகவும் கெடுக்கும். அது மெல்ல நடப்பதால் கண்ணுக்குத் தெரிவதில்லை. ஒரு பண்டத்தால் டொலர் கொட்டும்போது நாட்டு நாணயம் பலமாகிறது, இறக்குமதி மலிகிறது, மற்றத் தொழில்கள் போட்டி போட முடியாமல் சாகின்றன. 1960களில் நைஜீரியா நிலக்கடலைக்கும் பாம் எண்ணெய்க்கும் பேர்போன நாடு. கானோ நகரில் கடலை மூட்டைகளைப் பிரமிட்டுப் போல அடுக்கி வைத்திருப்பார்கள். 1970களில் மசகு எண்ணெய்க் காசு பெருகியதும் கமத்தைக் கவனிக்க ஆளில்லை. வரட்சியும் பயிர் நோயும் சேர்ந்துகொண்டன. பிரமிட்டுகள் மறைந்தன. எண்பதுகளில் எண்ணெய் விலை விழுந்தபோது திரும்பிப் போக அந்த விவசாயமும் இல்லை.

கடன் அலுவலராக என்னை அதிகம் யோசிக்க வைப்பது ஸாம்பியா. அதன் ஏற்றுமதி வருமானத்தில் பெரும்பங்கு செம்பு. 2011இல் செம்பு தொன் 10,000 டொலரைத் தொட்டது. அடுத்த ஆண்டே ஸாம்பியா சர்வதேசச் சந்தையில் 75 கோடி டொலருக்குக் கடன்பத்திரம் விற்றது. வட்டி 5.375 வீதம்தான். கடன் கொடுக்க ஆட்கள் வரிசையில் நின்றார்கள். 2014இல் 100 கோடி, 2015இல் 125 கோடி என்று மேலும் வாங்கினார்கள். அதற்குள் செம்பு இறங்கத் தொடங்கியிருந்தது. கடைசிப் பத்திரத்தின் வட்டி 8.97 வீதம். 2016 ஜனவரியில் செம்பு 4,500 டொலருக்கும் கீழே போனது. நாணயமும் சரிந்தது. 2020 நவம்பரில் 4.25 கோடி டொலர் வட்டித் தவணையைக் கட்ட முடியாமல் நின்றது. தேவையில்லாத நேரத்தில் மலிவாகக் கிடைத்த கடன், தேவைப்பட்ட நேரத்தில் கைக்கு எட்டாததாகிவிட்டது. வங்கித் தொழிலில் இருக்கும் நாங்களும் இந்தப் பிழையில் பங்காளிகள். விலை ஏறும்போது காணிப் பெறுமதியையும் கூட்டி மதிப்பிட்டு, கேட்டதற்கு மேல் கொடுக்கத் தயாராக நிற்பது எங்கள் தொழிலின் பழைய பழக்கம். அதை மாற்ற வேண்டும்.

“மசகு எண்ணெயும் செம்பும் எங்களிடம் இல்லையே” என்று சிலர் சொல்வார்கள். தேயிலை இருக்கிறதே. இலங்கைத் தேயிலையை அதிகம் குடிப்பவர்கள் ஈராக், ஈரான், ரஷ்யா, வளைகுடா நாட்டவர்கள். அவர்களின் கையில் காசு புரள்வது எண்ணெய் விலையால். 2014 நடுப்பகுதியில் பீப்பாய் 110 டொலருக்கு மேல் நின்ற எண்ணெய் 2016 தொடக்கத்தில் 30 டொலருக்குக் கீழே வந்தது. அந்த வீழ்ச்சியில் கொழும்பு ஏலத்தில் தேயிலை விலையும் அடி வாங்கியது. எண்ணெய் மலிந்ததில் எங்கள் பெற்றோல் செலவு குறைந்தது உண்மை. அதே எண்ணெய் மலையகத்தில் கொழுந்து பறிப்பவரின் வருமானத்தையும் குறைத்தது. 2021 டிசம்பரில் ஈரானுக்குக் கொடுக்க வேண்டிய 25.1 கோடி டொலர் எண்ணெய்க் கடனை மாதம் 50 லட்சம் டொலர் பெறுமதியான தேயிலையால் தீர்க்க உடன்பட்டதும் இந்தப் பிணைப்பின் இன்னொரு முகம்தான்.

இதைச் சரியாகக் கையாண்ட நாடுகளும் உண்டு. நோர்வேயை எல்லாரும் சொல்வார்கள். அது ஏற்கனவே வசதியான நாடு. எனக்குச் சிலியின் உதாரணம்தான் பிடிக்கும். 2001 முதல் அங்கே ஒரு விதி: இன்றைய செம்பு விலையை வைத்து வரவுசெலவுத் திட்டம் போடுவதில்லை. அரசுக்கு வெளியே உள்ள நிபுணர் குழு நீண்டகால விலையை மதிப்பிடும், அதை வைத்தே செலவைத் தீர்மானிப்பார்கள். மேலதிகம் சேமிப்புக்குப் போகும். 2006இல் செம்பு விலை எகிறியபோது “இவ்வளவு காசை வைத்துக்கொண்டு ஏன் செலவழிக்கவில்லை” என்று கேட்டார்கள். மாணவர்கள் வீதிக்கு வந்தார்கள். நிதியமைச்சர் அந்திரெஸ் வெலாஸ்கோ பெரும்பங்கைச் சேமிப்பிலேயே வைத்திருந்தார். 2008 இறுதியில் செம்பு பாதிக்கும் கீழே விழுந்தது. 2009இல் அதே சேமிப்பைக் கொண்டு 400 கோடி டொலர் நிவாரணத் திட்டம் அறிவிக்க முடிந்தது. ஏழைக் குடும்பங்களுக்கு நேரடியாகக் காசு கொடுத்தார்கள். ஹர்த்தாலில் முடிந்த எங்கள் 1953ஐ இதோடு ஒப்பிட்டுப் பாருங்கள்.

வெங்காயமோ, கடலட்டைப் பண்ணையோ, நண்டு ஏற்றுமதியோ, கடன் எடுக்க முன் சிலியின் கணக்கை வீட்டிலும் போட்டுப் பார்க்கலாம். இன்றைய விலையை விடுங்கள். கடந்த நாலைந்து போகத்தில் கிடைத்த ஆகக் குறைந்த விலை என்ன? அந்த விலைக்கு விற்றாலும் தவணை கட்ட முடிந்தால் அந்தக் கடன் தாங்கும். முடியாவிட்டால் தொகையைக் குறையுங்கள், அல்லது பாதிப் பரப்பில் வேறு பயிர் வையுங்கள். நல்ல விலை கிடைத்த போகத்தில் புது உழவு இயந்திரத்துக்கு முற்பணம் கட்ட முன், அடகில் இருக்கும் நகையை மீட்டுவிடுங்கள். ஒரே வாங்குநரை நம்பி ஏற்றுமதி செய்பவர்கள், விலை நன்றாக இருக்கும்போதே இரண்டாவது வாங்குநரைத் தேட வேண்டும். விலை விழுந்த பிறகு தேடினால் பேரம் பேச இடமிருக்காது.

விண்ணப்பத்தோடு பழைய விற்பனைத் துண்டுகளையும் கொண்டு வாருங்கள். நட்டப்பட்ட போகத்தின் துண்டுகளைக் கிழித்து எறிந்துவிடுகிறார்கள். கடன் தொகையைத் தீர்மானிக்க எனக்கு முதலில் வேண்டியது அவைதான்.