லேரி டேவிட் போன பிறகு

ஒரு சீன உணவகம். ஜெர்ரி, ஜார்ஜ், எலெய்ன் என மூன்று நண்பர்கள் மேசைக்காகக் காத்து நிற்கிறார்கள். எப்போது கேட்டாலும் "அஞ்சு, பத்து நிமிஷம்" என்றுதான் பதில் வருகிறது. பொறுத்துப் பொறுத்துப் பார்த்துவிட்டு அவர்கள் வெளியேறிய மறுகணம் பெயரைக் கூப்பிடுகிறார்கள். 'சைன்ஃபெல்ட்' என்ற அமெரிக்க நகைச்சுவைத் தொலைக்காட்சித் தொடரில் 1991-இல் வந்த அந்த எபிசோடின் மொத்தக் கதையும் இவ்வளவுதான். எத்தனை முறை பார்த்தாலும் எனக்கு அலுக்காத எபிசோடு அது.

தன் பெயரிலேயே ஜெர்ரியாக நடித்த ஜெர்ரி சைன்ஃபெல்டுடன் சேர்ந்து தொடரை உருவாக்கிய லேரி டேவிட், தான் பட்ட அவமானங்களையே கதையாக்கினார். கோபத்தில் வேலையை உதறிவிட்டு, திங்கட்கிழமை ஒன்றுமே நடக்காததுபோலத் திரும்பிப் போய் உட்கார்ந்தவர் அவர். 2-ஆம் சீசனில் ஜார்ஜும் அதையே செய்கிறான். ஜார்ஜ் பாத்திரமே லேரியின் அச்சுதான். ஸ்கிரிப்டை யார் எழுதினாலும், கடைசித் திருத்தம் லேரி, ஜெர்ரி இருவர் கையில்தான். பலர் எழுதும் ஒரு தொடரில் ஒரே குரல் கேட்பதற்கு இந்த வடிகட்டலே காரணம்.

7-ஆம் சீசனோடு, 1996-இல், லேரி விலகினார். நடிப்பு, எழுத்துக்குழு எல்லாம் ஜெர்ரி தலையில் விழுந்தன. எபிசோடின் தொடக்கத்தில் வரும் அவருடைய ஸ்டாண்ட்-அப், அதாவது மேடையில் தனியாக நின்று பேசும் நகைச்சுவை, நின்றுபோனது. காட்சிகள் சிறிதாகி வேகம் கூடியது. எழுத்தாளர்களின் கற்பனைக்குக் கடிவாளம் தளர்ந்தது. 8-ஆம் சீசனில் எதிரே திறந்த கோழிக்கடையின் சிவப்பு நியான் வெளிச்சம் ஜெர்ரியின் பக்கத்து வீட்டு நண்பன் கிரேமரின் வீட்டையே நிறைக்கிறது. தூக்கம் கெட்டு அவனும் ஜெர்ரியும் வீடு மாற்றிக்கொள்ள, ஒருவர் சுபாவம் மற்றவருக்கு ஒட்டிக்கொள்கிறது. நன்றாகவே சிரித்தேன். ஆனால் இது பட்ட அவமானத்திலிருந்து வந்ததாகத் தெரியவில்லை, அறையில் உட்கார்ந்து யோசித்ததுபோல் இருந்தது. 9-ஆம் சீசனில் ஒரு முழு எபிசோடு பின்னாலிருந்து முன்னால் நகர்கிறது.

பார்வையாளர்கள் விலகவில்லை. 1997-98-இல் அமெரிக்காவில் அதிகம் பேர் பார்த்த தொடர் இதுதான். இழப்பு ஜார்ஜுக்குத்தான் என்பேன். கூச்சத்தில் புழுங்கியவன், வெறும் சோம்பேறித் தந்திரக்காரனாகிவிட்டான்.

1998 மே மாதம் இறுதி எபிசோடை எழுத லேரி திரும்பி வந்தார். சுமார் 7.6 கோடிப் பேர் பார்த்தார்கள். அதில் நால்வரும் சிறையறையில் அடைபட்டு, போக இடமில்லாமல் உட்கார்ந்திருக்கிறார்கள். ஜார்ஜின் சட்டைப் பொத்தான் தைத்திருக்கும் இடம் சரியில்லை என்று ஜெர்ரி பேச்சை ஆரம்பிக்கிறான். முதல் எபிசோடில் அவர்கள் முதன்முதலாகப் பேசியதும் அந்தப் பொத்தானைப் பற்றித்தான்.