ஜுண்டா: தளபதிகள் கூடி ஆளும் ஆட்சி

மியான்மரைப் பற்றிச் செய்தி வந்தால் ‘ராணுவ ஜுண்டா’ என்ற தொடரும் கூடவே வந்துவிடுகிறது. ஜுண்டா, ஜுன்டா, ஹுண்டா என்று இதழுக்கு ஓர் எழுத்து. படிப்பவர்களில் பலர் ‘கொடுங்கோல் அரசு’ என்ற அளவில் புரிந்துகொண்டு அடுத்த வரிக்குப் போய்விடுகிறார்கள். பர்மியச் சொல்லாக இருக்கும் என்று நினைப்பவர்களும் உண்டு. பர்மாவுக்கும் இதன் பிறப்புக்கும் சம்பந்தமே இல்லை. இது ஸ்பானியச் சொல். அதுவும் மிகச் சாதுவான சொல்.

சேர்த்தல், பிணைத்தல் என்று பொருள்படும் லத்தீன் வினை ‘யுங்கெரே’. அதன் வழியில் ஸ்பானிய மொழியில் பிறந்தது ‘ஹுந்தா’. கூடியது, கூட்டம், குழு என்பவையே பொருள். ‘யோகம்’ என்பதற்கு மூலமான வடமொழி வேர் ‘யுஜ்’ இதற்குத் தூரத்து உறவு. ஆங்கிலேயர் 17ஆம் நூற்றாண்டிலேயே இதைக் கடன் வாங்கி ‘ஜண்டோ’ என்றும் திரித்தார்கள். அந்நூற்றாண்டின் இறுதியில் விக் கட்சியைத் தங்கள் கைக்குள் வைத்திருந்த சில பிரபுக்களுக்கு அதுவே பட்டப்பெயர். அங்கேயே கொஞ்சம் ஏளனம் ஒட்டிக்கொண்டது. நாம் எழுதும் ‘ஜு’ ஆங்கில இதழ்கள் வழியாக வந்தது.

இந்தச் சொல்லை உலக அரசியலுக்குள் தள்ளிவிட்டவர் நெப்போலியன். 1808இல் அவர் ஸ்பெயின் மன்னர் ஏழாம் ஃபெர்டினாண்டைப் பிரான்சின் பயோன் நகருக்கு வரவழைத்து முடியைப் பறித்தார். தம் அண்ணன் ஜோசப்பை அரியணையில் ஏற்றினார். மே 2ஆம் தேதி மாட்ரிட் மக்கள் பிரெஞ்சுப் படைக்கு எதிராகத் தெருவில் இறங்கினார்கள். மன்னர் சிறையில், வந்திருக்கும் புது மன்னரை ஏற்க மனமில்லை, பிறகு யார் பெயரில் வரி வாங்குவது, யார் பெயரில் படை திரட்டுவது? ஒவியேதோ, செவில் என்று ஊர் ஊராகப் பெரிய மனிதர்களும் பாதிரியார்களும் அதிகாரிகளும் கூடி ஹுந்தாக்களை அமைத்தார்கள். செப்டம்பரில் இவை ஒன்றுசேர்ந்து அரான்ஹுவேஸில் ‘மத்திய உச்சக் குழு’ ஆயின. தலைவர் முதுபெரும் அமைச்சர் ஃப்ளோரிதாபிளாங்கா. அந்நியனுக்கு எதிராக நாட்டைக் காப்பாற்ற எழுந்த அமைப்பு அது. சொல்லுக்கு அன்றிருந்த மணமே வேறு.

அதே வாதம் கடல் கடந்தும் போயிற்று. மன்னர் இல்லையென்றால் அதிகாரம் மக்களிடம் திரும்பிவிடுகிறது, ஸ்பெயின் ஊர்கள் குழு அமைக்கலாம் என்றால் நாங்கள் ஏன் அமைக்கக் கூடாது என்று தென் அமெரிக்காவில் ஸ்பெயினின் கீழிருந்த குடியேற்ற நாடுகள் கேட்டன. 1810 ஏப்ரலில் கராகஸ், மே 25இல் புவனோஸ் ஐரெஸ், ஜூலையில் பொகோதா, செப்டம்பர் 18இல் சிலியின் சாந்தியாகோ என வரிசையாக ஹுந்தாக்கள் எழுந்தன. பெரும்பாலும் மன்னர் பெயரைச் சொல்லியே கூடினார்கள். சில ஆண்டுகளில் மன்னரையே உதறிவிட்டார்கள். சிலியின் தேசிய நாள் இன்றைக்கும் செப்டம்பர் 18தான். ஒரு ஜுண்டா அமைந்த நாளைத் தேசமே கொடியேற்றிக் கொண்டாடுகிறது என்றால் நம் ஊர் வாசகருக்கு விநோதமாகத்தான் இருக்கும்.

அதே சிலியில்தான் சொல் தலைகீழானது. 1973 செப்டம்பர் 11 அன்று விமானப் படை அதிபர் மாளிகையின் மீது குண்டு வீசியது. தேர்ந்தெடுக்கப்பட்ட அதிபர் சால்வதோர் அயெந்தே உள்ளேயே உயிரிழந்தார். ஆட்சியைக் கைப்பற்றிய நால்வர்: தரைப்படையின் பினோசே, கடற்படையின் மெரினோ, விமானப் படையின் லே, காவல் படையின் மெந்தோசா. தங்களுக்கு இவர்கள் வைத்துக்கொண்ட பெயரும் 1810இல் வைத்த அதே பெயர்: அரசுக் குழு.

நால்வரும் சுற்றுமுறையில் தலைமை வகிப்பதாகத்தான் முதலில் பேச்சு. ஒரு வருடம்கூடத் தாங்கவில்லை. 1974 ஜூனில் பினோசே ‘தேசத்தின் உச்சத் தலைவர்’ ஆனார், டிசம்பரில் அதிபர். முணுமுணுத்த லேயை 1978இல் வீட்டுக்கு அனுப்பினார்கள். ஆனாலும் சட்டம் இயற்றும் அதிகாரம் கடைசிவரை குழுவிடமே இருந்தது. அது வெறும் ஏட்டுச் சுரைக்காய் அல்ல என்பது 1988 அக்டோபர் 5 இரவில் தெரிந்தது. பினோசே மேலும் எட்டு ஆண்டுகள் நீடிக்கலாமா என்று நடந்த வாக்கெடுப்பில் சுமார் 56 சதவீதம் பேர் ‘வேண்டாம்’ என்றார்கள். முடிவை அறிவிக்காமல் அரசு இழுத்தடித்தது. லேயின் இடத்தில் குழுவுக்கு வந்திருந்த விமானப் படைத் தளபதி மத்தேய், நள்ளிரவு தாண்டி மாளிகைக்குள் நுழையும்போது, வாசலில் நின்ற செய்தியாளர்களிடம் ‘வேண்டாம்’ தரப்பே வென்றதாகத் தெரிகிறது என்று போகிற போக்கில் சொல்லிவிட்டார். உள்ளே பினோசே சிறப்பு அதிகாரம் கேட்டு நீட்டிய தாளில் கையெழுத்திட மறுத்ததாகவும் அவர் பின்னாளில் கூறினார். தனியொருவரின் சர்வாதிகாரத்துக்கும் ஜுண்டாவுக்கும் உள்ள வேறுபாட்டுக்கு இதைவிட நல்ல எடுத்துக்காட்டு எனக்குத் தெரியவில்லை.

அர்ஜென்டினாவில் பங்கீடு இன்னும் கறார். 1976 மார்ச் 24இல் வந்த விதேலா, மசேரா, அகோஸ்தி மூவரும் முப்படைத் தளபதிகள். அரசுப் பதவிகளையும் படைக்கு மூன்றில் ஒரு பங்கு என்று பிரித்துக்கொண்டார்கள். ஆயிரக்கணக்கானோர் ‘காணாமல் போனார்கள்’. பிரிட்டனுடன் நடந்த ஃபாக்லாந்து போரில் 1982இல் தோற்றதும் ஆட்சி ஆட்டம் கண்டது. 1985இல், அடுத்தடுத்து ஆண்ட முதல் மூன்று ஜுண்டாக்களின் தளபதிகள் ஒன்பது பேர் சிவில் நீதிமன்றத்தில் நிறுத்தப்பட்டபோது, எல்லாக் குற்றத்துக்கும் குழுவே கூட்டுப் பொறுப்பு என்று அரசுத் தரப்பு வாதிட்டது. நீதிமன்றம் ஏற்கவில்லை, அவரவர் படை செய்ததற்கு அவரவர் பொறுப்பு என்றது. அதனால் விதேலாவுக்கும் மசேராவுக்கும் ஆயுள் தண்டனை, அகோஸ்திக்கு நான்கரை ஆண்டு மட்டும். நால்வர் விடுதலை. ‘குழு’ என்ற ஒரு சொல்லுக்குள் சட்டச் சிக்கல் இவ்வளவு இருக்கிறது.

1967இல் கிரேக்கத்தில் ஆட்சியைப் பிடித்த கர்னல்களையும் அந்நாட்டு மக்கள் ‘ஹூண்டா’ என்றே வைதார்கள். ஐரோப்பாவிலும் ஆசியாவிலும் ஆப்பிரிக்காவிலும் இன்று இது வசைச்சொல். ராணுவ ஆட்சிகள் பொதுவாக இதைத் தாமே சூட்டிக்கொள்வதில்லை. மீட்பு, பாதுகாப்பு, அமைதி, சீரமைப்பு என்று அவர்கள் வைக்கும் பெயர்களைப் பார்த்தால் மருத்துவமனைப் பலகை மாதிரி இருக்கும். மியான்மரில் 2021 பிப்ரவரி 1இல் ஆட்சியைப் பிடித்தவர்கள் ‘அரசு நிர்வாக மன்றம்’ என்று பெயரிட்டுக்கொண்டு, ‘ஜுண்டா’ என்று எழுதக் கூடாது என அம்மாதமே பத்திரிகைகளை எச்சரித்தார்கள்.

சரி, தமிழில் எப்படி எழுதுவது? ‘ராணுவப் புரட்சி’ என்பது பொருந்தாது. அது நடந்த நிகழ்ச்சியைச் சொல்கிறது. அதற்கும் ஆட்சிக் கவிழ்ப்பு, அல்லது இலங்கை இதழ்கள் எழுதும் சதிப்புரட்சி என்பதே சரி. ஜுண்டா என்பது கவிழ்த்த பிறகு நாற்காலியில் உட்காரும் அமைப்பு. ‘ராணுவ ஆட்சி’ என்றால் குழு காணாமல் போகிறது. ‘சர்வாதிகாரி’ என்றால் ஒருவர்தான் கண்முன் வருகிறார். நாளிதழின் அவசரத்துக்கு ‘ராணுவ ஆட்சிக்குழு’ போதும், நல்ல சொல்லும்கூட. ஆனால் ராணுவம் என்றால் நாம் பெரும்பாலும் தரைப்படையையே நினைக்கிறோம். சிலியில் காவல் படைத் தலைவருக்கும் இடம் இருந்தது. எனவே கட்டுரைகளுக்குப் ‘படைத்தலைவர் ஆட்சிக்குழு’ என்பதை நான் விரும்புவேன். சிலப்பதிகாரம் பேசும் ஐம்பெருங்குழுவில் சேனாபதியர் ஐந்தில் ஒரு தரப்பு. இங்கே அவர்களே முழுக் குழுவும்.

ஒரே ஓர் எச்சரிக்கை. மொழிபெயர்ப்பாளர்கள் ஸ்பெயின், போர்ச்சுகல் செய்திகளில் இந்தச் சொல்லைக் கண்டதும் துப்பாக்கியைத் தேட வேண்டாம். ஸ்பெயினின் தெற்கிலுள்ள ஆந்தலூசியாவின் ஜுண்டா, தேர்தலில் வென்று வரும் மாநில அரசு. போர்ச்சுகலில் ‘ஜுண்டா தெ ஃப்ரெகெசியா’ என்பது உள்ளாட்சியின் அடிமட்ட அமைப்பு. நம் ஊராட்சி மன்றத்துக்கு ஒப்பானது. அங்கே ‘ஜுண்டா தலைவர்’ என்று செய்தி வந்தால் ‘ஊராட்சித் தலைவர்’ என்று எழுதுங்கள்.