சிவப்புத் தார்ப்பாய் மேல் பழி போடாதீர்கள்

வேலூர் பக்கத்துப் பொய்கை மாட்டுச் சந்தை செவ்வாய்க்கிழமை. அதனாலேயே செவ்வாய் சாயங்காலம் போன் அடித்தால் கால்நடை மருத்துவரான எனக்கு வயிற்றைக் கலக்கும். இந்த வாரமும் அதே கதைதான். நல்ல ஜெர்சி கலப்பு, சினை மாடு, காலையிலிருந்து வெயிலில் கட்டிக் கிடந்து, தரகர் பேசி விலை படிந்து, இருட்டுகிற நேரத்தில் குட்டியானை வண்டியில் ஏற்றப் பார்த்திருக்கிறார்கள். மாடு ஏறவில்லை. முன்னால் இரண்டு பேர் கயிற்றை இழுக்க, பின்னால் ஒருவர் வாலை முறுக்க, பலகையில் கால் வழுக்கி, பின்னங்கால் இரண்டும் பக்கத்துக்கு ஒன்றாக விரிந்து அப்படியே உட்கார்ந்துவிட்டது. தொடையின் உள்தசை கிழிந்த மாட்டை மறுபடியும் நிற்க வைப்பது என்ன பாடு என்று மாடு வைத்திருப்பவர்களுக்கு நான் சொல்ல வேண்டியதில்லை.

வாங்கினவர் சொன்ன காரணத்தைக் கேட்டுத்தான் இதை எழுத உட்கார்ந்தேன். "வண்டில செவப்புத் தார்ப்பாய் கட்டியிருந்தாங்க டாக்டர், அதைப் பார்த்துதான் மெரண்டுடுச்சு. அடுத்த தபா நீலத் தார்ப்பாய் போட்ட வண்டியாப் பார்த்து இட்டாரேன்."

நீலமாம்! மாட்டின் கண்ணுக்கு எடுப்பாகப் பிரிந்து தெரிகிற நிறமே நீலம்தான் ஐயா.

இந்தச் சிவப்பு விவகாரத்தை முதலில் முடித்துவிடுகிறேன். நம் கண்ணில் நிறம் பார்க்கும் கூம்பு செல்கள் மூன்று வகை. மாட்டுக்கு இரண்டே வகை. ஒன்று நீலப் பக்கம், சுமார் 450 நானோமீட்டர் அலைநீளத்தில் நன்றாக வேலை செய்யும். இன்னொன்று மஞ்சள் கலந்த பச்சைப் பக்கம், 555 நானோமீட்டரையொட்டி. ஆட்டுக்கும் ஏறக்குறைய இதே கணக்கு. நாய்க்கும் இரண்டு வகைதான். சிவப்புக்கென்று தனியாக ஒன்று கிடையாது. அதனால் நமக்குப் பளிச்சென்று அடிக்கும் சிவப்பு, மாட்டுக்கு ஏதோ மங்கிய பழுப்பு மாதிரிதான் தெரியும். பச்சையிலிருந்து அதைப் பிரித்துப் பார்ப்பதே அதற்குச் சிரமம். ஸ்பெயினில் காளைச் சண்டைக்காரர் சிவப்புத் துணியை ஆட்டுவதைக் காட்டி என்னிடம் வாதாடாதவர்கள் குறைவு. அந்தச் சிவப்புத் துணி சண்டையின் கடைசிக் கட்டத்தில் மட்டும்தான் வரும். அதற்கு முன்னால் அவர்கள் வீசுகிற பெரிய துணி ஒரு பக்கம் கருஞ்சிவப்பு கலந்த ரோஸ், மறுபக்கம் பெரும்பாலும் மஞ்சள். காளை அதன் மேலும் அதே வேகத்தில்தான் பாய்கிறது. துணி ஆடுகிறது, அதனால் பாய்கிறது. வெள்ளை வேட்டியை ஆட்டினாலும் பாயும். இதை எத்தனை முகாமில் சொன்னாலும், கடைசியில் ஒருவர் எழுந்து "அப்படின்னா செவப்புச் சட்டை போட்டுக்கினு பால் கறக்கலாமா சார்?" என்று கேட்பார். கறக்கலாம். தாராளமாக.

சரி, ஏன் மாட்டுக்கு இரண்டு வகை, நமக்கு மூன்று? டைனோசர்கள் பகலை ஆண்ட காலத்தில் பாலூட்டிகளின் மூதாதைகள் இரவில் ஒளிந்து திரிந்த சிறு பிராணிகள். இருட்டில் நிறத்தால் ஒரு பிரயோஜனமும் இல்லை, மங்கிய ஒளியைப் பிடிக்கிற குச்சி செல்கள்தான் வேண்டும். பழைய நான்கு வகைக் கூம்புகளில் பாதி அந்தக் காலத்தில் தொலைந்தன. பகலிலேயே வாழ்ந்த பறவைகள் தொலைக்கவில்லை, ஆகவே உங்கள் வீட்டுக் கோழிக்கு நான்கு வகையும் உண்டு. குப்பையைக் கிளறுகிற அந்தக் கோழி உங்களைவிட அதிக நிறம் பார்க்கிறது. குரங்கு வழியில் வந்த நாம் மட்டும் பிற்பாடு மூன்றாவதை மீட்டுக்கொண்டோம். பச்சை இலைகளுக்கு நடுவே பழுத்த பழத்தையும் இளந்தளிரையும் கண்டுபிடிக்க அது உதவியிருக்க வேண்டும் என்பது பலர் ஏற்கிற விளக்கம். மாடு மாம்பழம் தேடி மரம் ஏறுவதில்லையே.

மாட்டுக்குத் தேவைப்பட்டது வேறு. வெட்டவெளியில் தலையைக் குனிந்து மேயும்போது எந்தப் பக்கமிருந்து புலி வருகிறது, ஓநாய் வருகிறது என்று தெரிய வேண்டும். அதற்குத்தான் கண்கள் முகத்தின் இரு பக்கமும். சுற்றிலும் ஏறக்குறைய 330 பாகை அதற்குத் தெரியும். தெரியாத இடம் இரண்டு: நேர் பின்னால் ஒரு ஒடுங்கிய பகுதி, மூக்குக்கு நேர் முன்னால் கொஞ்சம். கண்மணி நம்முடையது போல வட்டம் கிடையாது, படுக்கை வாட்டத்தில் நீண்டது. அடுத்த தடவை ஆட்டின் கண்ணைக் கிட்டத்தில் உற்றுப் பாருங்கள், இன்னும் தெளிவாகத் தெரியும். கலிபோர்னியாப் பல்கலைக்கழகத்தைச் சேர்ந்த மார்ட்டின் பேங்க்ஸ் குழுவினர் 2015-இல் 214 தரைவாழ் விலங்குகளின் கண்மணிகளை ஒப்பிட்டு எழுதினார்கள். இரையாகும் மேய்ச்சல் விலங்குகளுக்குப் படுக்கை வாட்டம், தரையோடு தரையாகப் பதுங்கித் தாக்கும் பூனை போன்ற சிறு வேட்டை விலங்குகளுக்குச் செங்குத்துப் பிளவு, புலி சிங்கம் போல உயரமானவற்றுக்கு வட்டம். இதில் எனக்கு ரொம்பப் பிடித்த விஷயம், ஆடு தலையைக் குனியும்போது கண் விழியே குழிக்குள் சுழன்று கொடுக்கிறது, 50 பாகைக்கும் மேல், கண்மணி தரைக்கு இணையாகவே இருக்கும்படி. ஜவ்வாது மலைச் சரிவில் மேய்கிற வெள்ளாடு, வாய் புல்லில் இருக்கும்போதே அடிவானத்தைப் பார்த்துக்கொண்டிருக்கிறது.

இதற்கு ஒரு விலை உண்டு. இரண்டு கண்ணும் சேர்ந்து பார்க்கிற பகுதி ரொம்பக் குறுகல். ஆழம், பள்ளம், படி, இதையெல்லாம் கணிக்க இரண்டு கண்ணும் சேர்ந்து பார்க்க வேண்டும்; அதற்கு மாடு நின்று தலையைத் தாழ்த்திப் பார்க்கும். நீங்கள் அந்த நேரத்தில் கயிற்றை மேலே தூக்கி இழுக்கிறீர்கள். தரையில் விழுந்த நிழல் அதற்குக் குழியா கோடா என்று தெரியாது. பலகைக்கும் வண்டித் தளத்துக்கும் நடுவில் வெளிச்சம் தெரிகிற இடைவெளி இருந்தால் கேட்கவே வேண்டாம். எருது விடும் விழாவில் தலையைத் தூக்கிக்கொண்டு ஓடுகிற காளை எல்லைக்கோட்டைத் தாண்டி வயல்வெளிப் பக்கம் போய் மொட்டைக் கிணற்றில் விழுவதும் இதனால்தான், வெறியால் விழவில்லை. இரு பக்கமும் துண்டை ஆட்டிக்கொண்டு விசிலடிக்கிற கூட்டம், ஆடுகிற எல்லாமே அதன் பக்கப் பார்வையில் விழுகிறது. நம் காது கேட்கும் உச்சம் 20,000 ஹெர்ட்ஸ், மாட்டுக்கு 35,000 வரை கேட்கும். இரும்புக் கதவை டமாலென்று திறந்து போடுகிற வண்டிக்காரத் தம்பிகள் இதைக் கொஞ்சம் நினைவில் வைக்கவும்.

அடுத்த மூடநம்பிக்கை, "ராத்திரில அதுக்குக் கண்ணு பளபளன்னு தெரியுது சார், நல்லாத் தெரிஞ்சுக்கினே திமிர் பண்ணுது" என்பது. பளபளப்பு உண்மை. விழித்திரைக்குப் பின்னால் கண்ணாடி மாதிரி ஒரு படலம் இருக்கிறது. விழித்திரை பிடிக்கத் தவறிய ஒளியைத் திருப்பி அனுப்பி இன்னொரு வாய்ப்பு கொடுக்கும். நமக்கு இல்லை, பன்றிக்கும் இல்லை. ஆர்க்டிக் பகுதிக் கலைமானுக்கு இந்தப் படலம் கோடையில் பொன்னிறமாகவும், மாதக்கணக்கில் இருண்டு கிடக்கும் குளிர்காலத்தில் நீலமாகவும் மாறுகிறது என்று 2013-இல் கண்டுபிடித்தார்கள். சீரான மங்கிய ஒளியில் மாடு நம்மைவிட நன்றாகப் பார்க்கும், மறுக்கவில்லை. வெளிச்சத்திலிருந்து திடீரென்று இருட்டுக்குப் பழகுவதில்தான் அது நம்மைவிட மெதுவானது. சந்தையில் குழல் விளக்கு, பைக் ஹெட்லைட், செல்போன் டார்ச் எல்லாம் முகத்தில் அடிக்க, எதிரே மூடிய வண்டி. உள்ளே அதற்குக் கருப்பாக ஒரு ஓட்டை, அவ்வளவுதான். பள்ளிகொண்டா பக்கம் தேசிய நெடுஞ்சாலையில் ஹெட்லைட்டைப் பார்த்து மாடு அசையாமல் நிற்பதும் கண் கூசித்தான். ஹாரனை அழுத்திக்கொண்டே வராமல் விளக்கைத் தாழ்த்தி வேகத்தைக் குறையுங்கள்.

அந்த மாடு நாள் பூராவும் வெயிலில் நின்றதையும் மறக்கக் கூடாது. நாட்டு மாட்டின் முன்னோர் சிந்துவெளிப் பக்கத்து வெக்கையில் வளர்ந்தவை. தளர்ந்த தோல், வியர்க்கும் சுரப்பிகள், வெப்பத்தைக் குறைவாக உண்டாக்கும் உடம்பு. ஜெர்சி என்பது இங்கிலீஷ் கால்வாயில் இருக்கும் ஒரு தீவு. அந்த ரத்தம் பாதி ஓடுகிற மாட்டை வேலூர் வெயிலில் தண்ணீர் காட்டாமல் கட்டிப்போட்டுவிட்டு, சாயங்காலம் பலகை ஏறச் சொல்கிறோம். எருமைக்கு வியர்வைச் சுரப்பி இன்னும் குறைவு, தோலும் கருப்பு, அதனால்தான் ஏரியைக் கண்டால் இறங்குகிறது. சத்துவாச்சாரியில் மொட்டை மாடி வீட்டில் சைபீரியன் ஹஸ்கி வளர்ப்பவர்களிடம் பேச எனக்கு இப்போது பொறுமை இல்லை, அவர்களுக்குத் தனியாக எழுதுகிறேன்.

இனி செய்ய வேண்டியது. பகல் வெளிச்சம் இருக்கும்போதே ஏற்றுங்கள். முடியாவிட்டால் வண்டிக்கு உள்ளே ஒரு விளக்கைப் போடுங்கள், முகத்தில் அடிக்காமல் தரையைப் பார்த்து. மாடு இருட்டிலிருந்து வெளிச்சத்துக்குள் சந்தோஷமாகப் போகும். தார்ப்பாய் எந்த நிறமாக இருந்தாலும் படபடக்காமல் இழுத்துக் கட்டுங்கள். பலகைக்குப் பதில் மண்மேடு இருந்தால் வண்டியைப் பின்பக்கமாக அதோடு ஒட்டி நிறுத்துங்கள், பலகைதான் என்றால் சாக்கு போட்டு மேலே வைக்கோலைப் பரப்புங்கள், இடைவெளியையும் வைக்கோலால் அடையுங்கள். ஒரு நிமிடம் தலையைக் குனிந்து மோந்து பார்க்க விடுங்கள், ஒரு நிமிடத்தில் உங்கள் சொத்து ஒன்றும் போய்விடாது. நேர் பின்னால் சத்தமில்லாமல் போய் நிற்காதீர்கள், உதைக்கும், உதைத்தால் அதன் தப்பில்லை. அமெரிக்காவில் கால்நடைகளின் நடத்தையை ஆராயும் டெம்பிள் கிராண்டின் என்ற அம்மையார் பல ஆண்டுகளாகச் சொல்லிவருவது: மாட்டின் தோள்தான் சமநிலைப் புள்ளி, தோளுக்குப் பின்பக்கவாட்டில் நீங்கள் வந்தால் அது முன்னால் நடக்கும், தோளுக்கு முன்னால் வந்தால் பின்வாங்கும். வாலை முறுக்க வேண்டிய வேலையே இல்லை. வால் எலும்பு உடைந்து வருகிற மாடுகளைப் பார்த்துப் பார்த்து அலுத்துவிட்டது.

கண்ணில் மிளகாய்த்தூள், எலுமிச்சைச் சாறு போடுகிறவர்களிடம் கெஞ்ச மாட்டேன். 1960-ஆம் ஆண்டு மிருகவதைத் தடுப்புச் சட்டம் இருக்கிறது, தெரிந்தால் புகார் கொடுப்பேன்.

மற்றவர்களிடம் ஒன்று கேட்டுக்கொள்கிறேன். கண்ணில் அடிபட்டு நீர் வடிந்தால், வெள்ளை படர்ந்தால், உப்பை மென்று துப்புவது, புகையிலைச் சாறு பிழிவது இதெல்லாம் தயவுசெய்து வேண்டாம். வீட்டில் யாருக்கோ எழுதிக் கொடுத்து மிச்சமிருக்கும் சொட்டு மருந்தையும் ஊற்றாதீர்கள். அதில் ஸ்டீராய்டு இருந்து, கருவிழியில் புண்ணும் இருந்தால், ஆற வேண்டிய புண் ஓட்டையாகும். சுத்தமான தண்ணீரால் கழுவி, நிழலில் கட்டி, அன்றைக்கே பக்கத்துக் கால்நடை மருந்தகத்துக்குக் கொண்டு வாருங்கள். நடக்க முடியாத மாடு என்றால் 1962-க்குப் போன் போடுங்கள், நடமாடும் மருத்துவ வண்டி வரும்.